வற்றிய குளத்தில் வழுக்கி விழுந்த பதினொரு பேர்

லில்லியை எனக்கு முதலில் பிடிக்காது. இதைச் சொல்லிவிட்டுத் தொடங்குவதுதான் நியாயம். பின்னால் நான் அவளைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடும்போது, வேண்டியவள் என்பதால் ஆடுகிறேன் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது.

என் பெயர் சபாபதி. காஞ்சிபுரத்தில் ஓர் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுத்தவன். ஆஸ்பத்திரியின் பெயரைச் சொல்லப் போவதில்லை. சொன்னால் மானநஷ்டம், அது இது என்று எவனாவது கிளம்பி வருவான். நானும் என் இருட்டறையும் என் படங்களுமாக நிம்மதியாக இருந்தோம். 1970இல் எதிர் அறையில் லில்லி வந்து உட்கார்ந்தாள். நிம்மதி போயிற்று.

அவள் தாமல்காரி. ஏரிக்குக் கீழே அடுத்தவர் நிலத்தில் நடவும் அறுப்புமாக உழைத்த சின்னப்பையனின் மகள். அவர்கள் சேரியில் எஸ்.எஸ்.எல்.சி. தேறிய முதல் பெண். எங்கள் ஆஸ்பத்திரியில் சீட்டு எழுத வந்தவளை, கையெழுத்து நன்றாக இருக்கிறது என்று வேலூருக்கு மூன்று மாதப் பயிற்சிக்கு அனுப்பினார்கள். போகும்போது ஒரு தகரப் பெட்டியோடு போனாள். வரும்போது செங்கல் கனத்தில் ஒரு புத்தகத்தோடு வந்தாள்.

அந்தப் புத்தகத்தில் காலராவில் தொடங்கி உலகத்து நோய்களுக்கெல்லாம் மூன்று இலக்கத்தில் எண் போட்டிருந்தது. டாக்டர் எழுதும் நோயின் பெயரைப் பார்த்து, அதற்குரிய எண்ணைத் தேடி, நோயாளியின் அட்டையில் சிவப்பு மையால் போட வேண்டும். அடிபட்டு வந்தவர் என்றால் இரண்டு எண்: உடம்பில் என்ன ஆயிற்று என்பதற்கு ஒன்று, எப்படி ஆயிற்று என்பதற்கு இன்னொன்று. வருஷக் கடைசியில் எந்த எண்ணில் எத்தனை பேர் என்று கூட்டி மாவட்ட அலுவலகத்துக்கு அனுப்ப வேண்டும். இதற்கு மூன்று மாதப் பயிற்சியா என்று நான் வாய்விட்டுச் சிரித்தேன். அவளுக்கு ‘நம்பர் லில்லி’ என்று பெயர் வைத்ததும் நான்தான். ஒப்புக்கொள்கிறேன்.

அவளிடம் ஒரு பிடிவாதம் இருந்தது. டாக்டர் எழுதாததை அவள் எழுத மாட்டாள். டாக்டர் அரைகுறையாக எழுதியதையும் ஏற்க மாட்டாள். எலும்பு டாக்டர் திருஞானசம்பந்தம் காலையில் மட்டும் அறுபது பேரைப் பார்ப்பவர். சீட்டில் ‘மணிக்கட்டு முறிவு’ என்று கிறுக்கிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிடுவார். லில்லி சீட்டை எடுத்துக்கொண்டு அவர் முன்னால் போய் நிற்பாள்.

“சார், மணிக்கட்டுன்னு தனியா ஒரு எலும்பு இல்லியே. முன்கை எலும்போட முனைன்னா எண்ணூத்திப் பதிமூணு. உள்ள இருக்குற எட்டுச் சின்ன எலும்புல ஒண்ணுன்னா எண்ணூத்திப் பதினாலு. எதுன்னு எழுதிக் குடுங்க சார்.”

“எதுவா இருந்தா என்னம்மா? ரெண்டுக்கும் மாவுக்கட்டுதான். ஏதாவது ஒரு நம்பரப் போடு.”

“ஏதாவது ஒரு நம்பர்னு புக்குல இல்ல சார்.”

வரிசையில் நின்ற நோயாளிகள் சிரிப்பார்கள். டாக்டருக்கு முகம் சிவக்கும். ஆனாலும் எழுதிக் கொடுப்பார், வேறு வழி? அவள் நகர மாட்டாளே.

இப்படி இரண்டு வருஷம் ஓடியது. 1972 சித்திரையில் ஒருநாள் மத்தியானம், நான் சாப்பாட்டுத் தூக்கைக் கழுவிக்கொண்டிருந்தபோது அவள் வந்து நின்றாள். கையில் ஒரு கட்டு அட்டை.

“சபாபதியண்ணா, இதக் கொஞ்சம் பாருங்க.”

பதினொரு நெசவாளர்களின் அட்டைகள். ஒவ்வொன்றிலும் முதலில் எண்ணூற்று நாற்பத்திரண்டு என்று இருந்தது. அது மணிக்கட்டுச் சுளுக்கு. அதே அட்டையில், இரண்டு மூன்று மாதம் கழித்து, எண்ணூற்றுப் பதினாலு. பதினொரு பேருக்கும் இடது கை. பதினொரு பேருக்கும் முதல் நாள் எடுத்த படத்தில் முறிவு இல்லை.

“அதுக்கு இன்னாம்மா? சுளுக்கோட போனவன் மறுபடி வுழுந்திருப்பான்.”

“பதினோரு பேருமா? அதே கையிலயா?”

“என் படத்துல முறிவு தெரியலன்னா முறிவு இல்ல. அவ்ளோதான்.” எனக்குக் கோபம் வந்துவிட்டது. என் படத்தைக் குறை சொன்னால் வராதா?

அவள் கோபப்படவில்லை. இன்னொரு எண்ணைக் காட்டினாள். எப்படி விழுந்தார் என்பதற்கான எண். பதினொரு அட்டையிலும் எண்ணூற்று எண்பது, படிக்கட்டில் விழுந்தது. எல்லாருமே ‘குளத்துப் படியில் வழுக்கிவிட்டது, கை லேசாக மடங்கியது’ என்றுதான் சொல்லியிருந்தார்கள். எல்லாரும் விழுந்தது தை மாதத்துக்கும் ஆடி மாதத்துக்கும் நடுவில்.

“அண்ணா, நேத்து அந்தக் குளத்தப் போய்ப் பாத்தேன். நடுவுல ஆடு மேயுது. ரெண்டு வருஷமா மழ ஏமாத்திக்கினு இருக்குது, தையிலியே தண்ணி வத்திப் போவுது. காஞ்ச படியில பதினோரு பேரு எப்டி அண்ணா வழுக்குவாங்க?”

தூக்கைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டேன். ஆனால் அந்தப் பதினொரு பேரில் ஒருவனை எனக்குத் தெரியும். கலியன். தறியில் வலது கை ஊடுநூல் சுற்றிய நாடாவை எறியும், இடது கை அதை வாங்கும். வாங்குகிற கை பிடிப்பு இழந்தால் தறியை விட்டு இறங்க வேண்டியதுதான். கலியன் இறங்கிவிட்டான். கோயில் வாசலில் செருப்பு பார்த்துக்கொண்டிருந்தான். அன்று மாலை அவனைத் தாண்டிப் போனபோது அவன் கும்பிட்டான், வலது கையால் மட்டும்.

குளத்துக் கதையின் உண்மை அடுத்த வாரமே லில்லியின் கண்ணெதிரில் வந்து விழுந்தது. தாமல் பஸ்ஸை விட்டு இறங்கி அவள் பிள்ளையார்பாளையம் வழியாகத்தான் நடந்து வருவாள். அங்கே வெயில் ஏறுவதற்கு முன் தெரு நீளத்துக்குப் பட்டுப் பாவை, அதாவது தறியில் ஏற்றப் போகும் நெடுக்கு இழைகளை, இழுத்துக் கட்டி, கஞ்சி தெளித்து, உலர்ந்ததும் சுருட்டி எடுப்பார்கள். கஞ்சி சொட்டிய தரை வழவழவென்று இருக்கும். அன்று ஒருவர் பாவின் முனையை வலது கையில் பிடித்துக்கொண்டு நடந்தவர் வழுக்கினார். கீழே விழும்போதும் வலது கை மேலேயே நின்றது. பட்டு மண்ணைத் தொடவில்லை. உடம்பின் மொத்தப் பாரமும் இடது உள்ளங்கை மேல் இறங்கியது. எழுந்ததும் முதலில் பாவைத் தடவிப் பார்த்தார். அப்புறம்தான் கையைப் பார்த்தார். தெருவில் யாரும் சத்தம் போடவில்லை. ஒன்றுமே நடக்காத மாதிரி வேலை தொடர்ந்தது.

இரண்டு நாள் கழித்து அவர் எங்கள் ஆஸ்பத்திரிக்கு வந்தார். ஆதிகேசவன், இருபத்தாறு வயது. லில்லி ஜன்னலுக்கு உள்ளே இருந்து கேட்டாள்.

“எப்டி வுழுந்தீங்க?”

“குளத்துப் படியில வழுக்கிட்ச்சிமா.”

லில்லி அவரை அங்கே காட்டிக் கொடுக்கவில்லை. காரணம் அவளுக்குப் புரிந்துவிட்டது. பாவு அவருடையதல்ல, முதலாளியுடையது. கல்யாணப் புடவைக்கு ஓடுகிற பாவோடு ஆள் விழுந்தான் என்று வெளியே கசிந்தால், பட்டும் மண்ணில் பட்டது என்றே பேசுவார்கள், அந்தப் புடவையை யாரும் தொட மாட்டார்கள். அதனால் தெருவே சேர்ந்து ஒரு பொய்யை வைத்திருந்தது. அந்தப் பொய் டாக்டர் வரை வந்தது. கை லேசாக மடங்கியது என்றால் டாக்டர் சுளுக்கைத்தான் நினைப்பார். முழு ஆளும் உள்ளங்கை மேல் விழுந்தான் என்றால் வேறு மாதிரி நினைப்பார்.

நான் படம் எடுத்தேன். சுத்தமான படம், ஒரு கீறல் இல்லை. டாக்டர் ‘சுளுக்கு’ என்று எழுதி, ஒரு துணிக்கட்டோடு அனுப்பினார். லில்லி சிவப்பு மையால் எண்ணூற்று நாற்பத்திரண்டு என்று போட்டாள். பிறகு பதினொரு அட்டைகளையும் எடுத்துக்கொண்டு டாக்டர் அறைக்குப் போனாள். நானும் வேடிக்கை பார்க்கப் பின்னாலேயே போனேன்.

அவள் அட்டைகளை மேஜையில் பரப்பினாள். வற்றிய குளத்தைச் சொன்னாள். தெருவில் தான் பார்த்ததைச் சொன்னாள். ஆள் பேரை மட்டும் வெளியே விடக் கூடாது என்று முதலிலேயே கேட்டுக்கொண்டாள். டாக்டர் திருஞானசம்பந்தம் ஒவ்வோர் அட்டையாகப் பார்த்தார். எல்லாம் அவர் கையெழுத்து. அவர் முகம் மாறியதை நான் பார்த்தேன், அது கோபமா பயமா என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

“அந்தச் சின்ன எலும்பு முறிஞ்சா முதல் நாள் படத்துல தெரியாமலும் போகும். பத்துப் பதினாலு நாள் கழிச்சுத்தான் கோடு தெரியும். இது எனக்குத் தெரியாதுன்னு நினைக்கிறியா? திரும்பி வாங்கன்னா எவன் வர்றான்?”

“ஆதிகேசவன நான் கூட்டிக்கினு வரேன் சார்.”

டாக்டர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். “சரி. பதினாலாம் நாள் கூட்டிட்டு வா. படத்துல ஒண்ணும் இல்லன்னா, அப்புறம் உன் அட்டையோட என் ரூம் பக்கம் வரவே கூடாது. நான் என்ன எழுதுறேனோ அதுக்கு நம்பர் போட்டுட்டுப் போய்க்கினே இருக்கணும்.”

“சரி சார்” என்றாள் அவள்.

பதினாலாம் நாள் ஆதிகேசவன் வரவில்லை. பதினைந்தாம் நாள் காலையில் லில்லி கிளம்பினாள். நானும் கிளம்பினேன். அவளுக்குத் துணைக்கு என்று சொல்லிக்கொண்டேன். உண்மையில் அவள் தோற்பதைப் பார்க்கத்தான்.

ஆதிகேசவன் வீட்டு வாசலிலேயே வைத்தியம் நடந்துகொண்டிருந்தது. இரட்டைப் பிள்ளை பெற்றவள் காலால் நீவினால் சுளுக்கு விலகும் என்பது எங்கள் ஊர் நம்பிக்கை. அந்தத் தெருவில் அந்தப் பாக்கியம் பெரியநாயகிக்கு. ஆதிகேசவன் கையை ஒரு மணைமேல் நீட்டி வைத்திருக்க, அந்த அம்மாள் விளக்கெண்ணெய் தடவிய குதிகாலால் மணிக்கட்டை அழுத்தி அழுத்தி நீவிக்கொண்டிருந்தாள். அவர் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். லில்லி அதைப் பார்த்ததும் “ஐயோ, நிறுத்துங்கம்மா” என்று கத்திவிட்டாள். அவள் கத்தி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

ஆதிகேசவனின் மனைவி கிருஷ்ணம்மாள் வெளியே வந்தாள். என்னைப் பார்த்து உள்ளே வரச் சொன்னாள். லில்லியைச் சொல்லவில்லை. லில்லி வெயிலில் நின்றாள். நான் உள்ளே போயிருக்கலாம். போகவில்லை. அதை ஒரு பெருமையாகச் சொல்லவில்லை, கால் நகரவில்லை, அவ்வளவுதான்.

“படத்துல ஒண்ணும் இல்லன்னு ஆஸ்பத்திரியிலியே சொல்லிட்டாங்கோ. இன்னும் இன்னாத்துக்கு வரணும்?” என்றாள் கிருஷ்ணம்மாள்.

லில்லி ஆதிகேசவனைப் பார்த்துக் குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

“வுழும்போது பாவ வுட்டீங்களா?”

பெரியநாயகியின் கால் அப்படியே நின்றது. கிருஷ்ணம்மாள் தெருவின் இரண்டு பக்கமும் பார்த்தாள்.

“பாவ எப்டிம்மா வுடறது?” என்றார் ஆதிகேசவன்.

“வுடல. எனக்குத் தெரியும். உங்களுக்கு முன்னால பதினோரு பேரு வுடல. வலது கைய மேல தூக்கிக்கினு எடது கையில வுழுந்தாங்க. எல்லாரும் சுளுக்குன்னு நீவிக்கினாங்க. கலியன் அண்ணன் அதுல ஒருத்தரு. இங்க உள்ள ஒரு எலும்பு இருக்குது, உங்க நாடா மாதிரி சின்னதா. அது முறிஞ்சிருந்தா நீவ நீவச் செத்துப் போவும். நீங்க பன்னெண்டாவது ஆளு. எனக்குப் பன்னெண்டாவது அட்ட வேணாம்.”

“முதலாளிக்கு...” என்று ஆரம்பித்தாள் கிருஷ்ணம்மாள்.

“என் அட்டப் பொட்டியில இருக்கறது வெளிய வராதுமா. டாக்டர் பாப்பாரு, நான் பாப்பேன். வேற எவனுக்கும் சாவி இல்ல.”

கலியன் பெயரைக் கேட்டதும் ஆதிகேசவனின் கண் கலங்கிவிட்டது. சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். கிருஷ்ணம்மாளும் வந்தாள். வேண்டாம் என்று சொல்லியும் கேட்காமல் பெரியநாயகியும் எண்ணெய்க் காலோடு வந்தாள்.

டாக்டர் இந்தத் தடவை சீட்டை எழுதுவதற்கு முன் கையைத் தொட்டார். கட்டைவிரலை விரித்தால் அதன் அடியில் ஒரு பள்ளம் விழுமே, பொடி போடுகிறவர்கள் பொடியை வைக்கும் இடம், அங்கே ஒரு விரலால் அழுத்தினார். ஆதிகேசவன் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். டாக்டர் என்னைத் திரும்பிப் பார்த்தார். “சபாபதி, கையச் சாய்ச்சு வச்சு ஒண்ணு எடுங்க. நேரா ஒண்ணு, பக்கவாட்டுல ஒண்ணு, சாய்ச்சு ஒண்ணு.”

மூன்றும் எடுத்தேன். இருட்டறைக்குள் போய்க் கதவைச் சாத்தினேன். வெளியே லில்லி நிற்பது எனக்குத் தெரியும். சிவப்பு விளக்கு வெளிச்சத்தில் முதல் படம் தட்டில் மெல்லத் தெளிந்தது. ஒன்றும் இல்லை. இரண்டாவதிலும் ஒன்றும் இல்லை. அன்று காலையில் என்றால் நான் விசிலடித்திருப்பேன். இப்போது அந்தப் பெண் வெயிலில் நின்றதும் கலியன் ஒற்றைக் கையால் கும்பிட்டதும் கண் முன்னால் மாறி மாறி வந்தன. மூன்றாவது படத்தை மருந்தில் போட்டுவிட்டு, கடவுளே, முறிந்திருக்கட்டும் என்று வேண்டிக்கொண்டேன். ஒரு மனிதன் கை முறிந்திருக்கட்டும் என்று வேண்டிக்கொண்ட பாவி நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

முதலில் விரல்கள் வந்தன. பிறகு முன்கை எலும்புகள். பிறகு நடுவில் அந்தச் சின்ன எலும்பு, அதன் இடுப்பில் குறுக்கே ஒரு கோடு. தலைமுடி அளவுக் கோடு. அடுத்த மருந்தில் முக்கி எடுத்ததோடு சரி, படத்தைக் கழுவிக் காய வைக்கவில்லை. தண்ணீர் சொட்டச் சொட்ட எடுத்துக்கொண்டு ஓடினேன். வராந்தா முழுக்க என் குரல்தான்.

“லில்லி! எண்ணூத்திப் பதினாலும்மா! எண்ணூத்திப் பதினாலு!”

வரிசையில் நின்றவர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. கிருஷ்ணம்மாள் அழ ஆரம்பித்தாள். டாக்டர் படத்தை வெளிச்சத்தில் பிடித்து ரொம்ப நேரம் பார்த்தார். “விலகல. இன்னும் சேந்தேதான் இருக்கு. கட்டுப் போட்டா கூடிரும்” என்றார். அந்தக் குரலில் இருந்த சந்தோஷத்தை நான் மறக்க மாட்டேன். தான் தோற்றதில் ஒரு மனிதன் அவ்வளவு சந்தோஷப்பட்டு நான் பார்த்ததில்லை.

கட்டைவிரலையும் சேர்த்து மாவுக்கட்டு போட்டார். போட்ட கையோடு, மாவு ஒட்டிய விரல்களுடன் லில்லியின் அறைக்கு நடந்தார். அவர் அந்த அறை வாசலை மிதித்தது அன்றுதான். ஆதிகேசவன் அட்டையைக் கேட்டு வாங்கினார்.

“நான் எழுதுனத நான்தான் அடிக்கணும். அதானே உன் சட்டம்?”

“ஆமா சார்.”

‘சுளுக்கு’ என்பதை அடித்தார். எலும்பின் பெயரை முழுசாக, புரிகிற எழுத்தில் எழுதினார். கையெழுத்துப் போட்டார். அதற்குக் கீழே லில்லி எண்ணூற்றுப் பதினாலு என்று போட்டாள். எப்படி விழுந்தார் என்பதில் படிக்கட்டை அடித்துவிட்டு, சமதரையில் வழுக்கி விழுந்ததற்கான எண்ணைப் போட்டாள். பட்டைக் காப்பாற்றிக்கொண்டு விழுந்ததற்கு அந்தத் தடிப் புத்தகத்தில் எண் கிடையாது. அதை மட்டும் ஓரத்தில் தமிழில் எழுதினாள்.

அன்று முதல் மணிக்கட்டு வலி என்று வந்தவர் சீட்டிலெல்லாம் ‘பதினாலாம் நாள் மீண்டும் படம்’ என்று ஒரு ரப்பர் முத்திரை விழுந்தது. முத்திரை செய்துகொண்டு வந்தவன் நான். வராதவர்களுக்கு லில்லி தபால் கார்டு போட்டாள். அதிலும் பாவு என்ற சொல் இருக்காது. ‘குளத்துப் படி விஷயமாக வரவும்’ என்று எழுதுவாள், வந்துவிடுவார்கள்.

பெரியநாயகி மாறியதுதான் வேடிக்கை. நீவி விடச் சொல்லி யார் கையை நீட்டினாலும், காலை எடுப்பதற்கு முன் “பாவு புடிச்சிக்கினு இருந்தியா?” என்று கேட்பாளாம். ஆமாம் என்றால் “நட, லில்லிகிட்ட” என்று தானே இழுத்துக்கொண்டு வருவாள். வந்து என் எக்ஸ்ரே அறை வாசலில் உட்கார்ந்து எனக்கு யோசனை சொல்வாள்.

அடுத்த வருஷம் மாவட்ட அலுவலகத்திலிருந்து காரமாக ஒரு கடிதம் வந்தது. எண்ணூற்றுப் பதினாலில் போன வருஷத்தைப்போல மூன்று மடங்கு காட்டியிருக்கிறீர்களே, உங்கள் ஊரில் மட்டும் என்ன நேர்ந்தது, கணக்குப் பிழையா என்று. நிர்வாகம் நடுங்கிப் போயிற்று. லில்லி டைப்ரைட்டரில் ஒரே வரியில் பதில் அடித்தாள்: முறிவு கூடவில்லை, முன்பு சுளுக்கு என்று எழுதியவை இப்போது முறிவு என்று எழுதப்படுகின்றன. டாக்டர் திருஞானசம்பந்தம் முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டார்.

அந்தப் பதினொரு பேரின் கை திரும்பவில்லை. அதையும் சொல்ல வேண்டும். அவர்கள் அட்டைகளை லில்லி மற்றவற்றோடு கலக்கவே இல்லை. பெட்டியின் முன்வரிசையில், இழுத்ததும் கண்ணில் படுகிற இடத்தில் வைத்திருந்தாள்.

ஆதிகேசவனுக்குப் பத்து வாரம் கழித்துக் கட்டைப் பிரித்தார்கள். டாக்டரின் இரண்டு விரலைக் கொடுத்துப் பிடிக்கச் சொன்னபோது அவர் பிடித்த பிடியில் டாக்டர் “விடுப்பா, விடுப்பா” என்று கத்தினார். ஆவணியில் தறி ஏறினார். ஐப்பசியில் ஒருநாள் காலையில் லில்லியின் ஜன்னலுக்கு வந்தார். கிருஷ்ணம்மாள் கூட நின்றாள். அவர் ஜன்னல் கம்பிக்கு உள்ளே இடது கையை நீட்டி, அட்டைகளின் மேல் வைத்தார். கட்டைவிரலை விரித்தார்.

“மொதப் புடவ முடிஞ்சி தறியிலேர்ந்து அறுத்தாச்சிமா. அமுக்கிப் பாருங்க.”

லில்லி தயங்கினாள். அந்தத் தெருவில் அவளை யாரும் உள்ளே கூப்பிட்டதில்லை. இரண்டு வருஷமாக எத்தனையோ எலும்புக்கு எண் போட்டவள், ஒருவர் கையைக்கூடத் தொட்டதில்லை. கிருஷ்ணம்மாள் கம்பிக்கு வெளியிலிருந்து “அமுக்கும்மா, நீ அமுக்கு” என்றாள். லில்லி அந்தப் பள்ளத்தில் கட்டைவிரலை வைத்தாள். மெல்ல அழுத்தினாள். பிறகு பலமாக அழுத்தினாள். ஆதிகேசவன் சிரித்துக்கொண்டே நின்றார்.

அவர்கள் போன பிறகு அவள் அட்டையை எடுத்துச் சிவப்பு மையில் ஏதோ எழுதினாள். டாக்டர் எழுதாததை எழுதாதவள் ஆயிற்றே என்று எட்டிப் பார்த்தேன்.

“இன்னாம்மா, இதுக்கு எந்த நம்பரு?”

“நம்பர் இல்லண்ணா” என்றாள். “வலிக்கலன்னு எழுதியிருக்கேன்.”